துப்பாக்கிப் பாதிரியார் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

நான் ஆங்கில இலக்கியம் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். ‘ஜேன் அயர்’ எங்களுக்குப் பாடம். அதை எழுதிய சார்லட் பிராண்டேயின் அப்பா பாட்ரிக் பிராண்டே பற்றி வகுப்பில் பத்து நிமிடம் பேச வேண்டும். ஒரு காணொளி பார்த்தேன். ஆங்கிலிக்கன் பாதிரியாரான அவர் தினமும் காலையில் கொல்லைப்புறக் கதவைத் திறந்து துப்பாக்கியால் சுடுவாராம். மனைவியின் பட்டு உடையைக் கிழித்தாராம். பிள்ளைகளின் வண்ணக் காலணிகளைத் தீயில் போட்டாராம். இறைச்சி கொடுக்காமல் வெறும் உருளைக்கிழங்கு போட்டே பிள்ளைகளை வளர்த்தாராம். தான் மட்டும் தனியறையில் சாப்பிடுவாராம். சரியான ‘டாக்ஸிக் ஃபாதர்’ என்று முடிக்கிறார்கள்.

இதெல்லாம் உண்மையா? அவருக்குப் பயந்துதான் அவர் மகள்கள் சார்லட், எமிலி, ஆன் மூவரும் ஆண் பெயரில் எழுதினார்களா? யாரோ ஒரு வெள்ளைக்காரப் பாதிரியின் வாழ்க்கையைத் தெரிந்துகொண்டு நமக்கு என்ன ஆகப்போகிறது என்று என் தோழி கேட்கிறாள். அவளுக்கு என்ன சொல்வது?

இன்னொன்று. எழுதலாமா என்று தெரியவில்லை. என் அப்பாவும் இப்படித்தான். ஒன்பது மணிக்குக் கதவைப் பூட்டிவிடுவார். எங்களோடு உட்கார்ந்து சாப்பிட மாட்டார். நான் கவிதை எழுதுவது அவருக்குத் தெரியாது. கவிதைகளைத் தனியாக இணைத்திருக்கிறேன். என் பெயரைப் போட வேண்டாம்.

ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் கடிதம் வந்து பத்து நாளாகிறது. கல்லூரிக் கட்டுரைக்குக் குறிப்பு கேட்டு வரும் கடிதங்களுக்கு நான் பதில் எழுதுவதில்லை. இதற்கு எழுதுகிறேன் என்றால் அதற்குக் காரணம் போன மாதம் ஊருக்குப் போய்ப் பரணிலிருந்து இறக்கிய ஒரு தகரப்பெட்டி. அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் உங்களைக் கொஞ்சம் திட்டிவிடுகிறேன். ‘டாக்ஸிக்’ என்ற சொல்லை யார் உங்கள் கையில் கொடுத்தது? நாற்பத்தோரு வருடம் ஒரே ஊரில் பாதிரியாராக இருந்து, மனைவியையும் ஆறு பிள்ளைகளையும் இழந்து, எண்பத்து நான்கு வயதில் செத்துப்போன மனிதரை நீங்கள் அந்த ஒரு சொல்லில் மடித்துப் பையில் போட்டுக்கொள்கிறீர்கள். அதுவும் பன்னிரண்டு நிமிடக் காணொளி பார்த்துவிட்டு. கோபமாக இருந்தால் ‘கொடுமைக்காரர்’ என்று தமிழில் எழுதுங்கள். எழுதும்போதே கை கொஞ்சம் தயங்கும். அந்தத் தயக்கம் நல்லது.

அப்புறம் பெயர். சரியான உச்சரிப்பு கிட்டத்தட்ட ‘பிராண்டி’தான். அப்படி எழுதினால் நம் ஊரில் ஒயின்ஷாப் ஞாபகம் வந்துவிடும் என்பதால் உங்களைப் போலவே பிராண்டே என்று வைத்துக்கொள்கிறேன். அந்த மனிதருக்கே பெயர் ஒருநிலையில் நின்றதில்லை. அயர்லாந்தில் டவுன் (Down) என்ற மாவட்டத்தில், கூலி விவசாயி ஒருவருக்குப் பத்துப் பிள்ளைகளில் மூத்தவராக 1777 மார்ச் 17 அன்று பிறந்தபோது அவர்கள் குடும்பப் பெயர் பிரண்ட்டி. கொல்லன் பட்டறையில் வேலை, தறியில் வேலை, பதின்ம வயதிலிருந்து வாத்தியார் வேலை. 1802இல் கையில் ஏழு பவுண்டோடு கேம்பிரிட்ஜ் வந்து சேர்ந்தார். செயின்ட் ஜான்ஸ் கல்லூரியில் ஏழை மாணவர்களுக்கான குறைந்த கட்டணத்தில் இடம் கிடைத்தது. பதிவேட்டில் பெயரை ஒருவிதமாக எழுதிவிட்டார்கள். இரண்டு நாள் கழித்துப் போய் ‘பிராண்டே’ என்று மாற்ற வைத்தார். பணம் போதவில்லை. அதே கல்லூரியில் இருந்த ஹென்றி மார்ட்டின் அவருக்காக வில்பர்ஃபோர்ஸுக்குக் கடிதம் எழுதி ஆண்டுக்குக் கொஞ்சம் உதவி வாங்கிக்கொடுத்தார். அடிமை வணிகத்தை எதிர்த்த அதே வில்பர்ஃபோர்ஸ்தான். இந்த ஹென்றி மார்ட்டின்தான் பின்னால் கல்கத்தா வந்து புதிய ஏற்பாட்டை உருதுவிலும் பாரசீகத்திலும் மொழிபெயர்த்தவர். அது வேறு கதை, இழுத்தால் நாலு பக்கம் போகும்.

1806இல் குருப்பட்டம். எசெக்ஸ், ஷ்ராப்ஷயர், யார்க்‌ஷயர் என்று பல ஊர்களில் உதவிக்குருவாக இருந்தார். 1812இல் கார்ன்வால் பெண்ணான மரியா பிரான்வெல்லோடு திருமணம். ஏழு வருடத்தில் ஆறு பிள்ளைகள். 1820 ஏப்ரலில் மலைமேட்டில் இருக்கும் ஹாவர்த் என்ற நெசவு ஊருக்கு வந்து சேர்ந்தார்கள். அடுத்த ஆண்டு செப்டம்பரில் மரியா இறந்துபோனார். கடைசிக் குழந்தை ஆனுக்கு அப்போது இரண்டு வயது ஆகவில்லை.

இனி உங்கள் பட்டியலுக்கு வருவோம். துப்பாக்கி உண்மைதான். ஆனால் அதற்கு ஒரு காரணம் உண்டு. 1812இல் அவர் ஹார்ட்ஸ்ஹெட் என்ற ஊரில் இருந்தபோது, இயந்திரங்களால் பிழைப்பு இழந்த துணித் தொழிலாளர்கள் பக்கத்தில் இருந்த ராஃபோல்ட்ஸ் ஆலையை இரவில் தாக்கினார்கள். அந்த வட்டாரமே நடுங்கிக்கொண்டிருந்தது. அன்றிலிருந்து அவர் இரவில் குண்டு போட்ட கைத்துப்பாக்கியைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளும் பழக்கம். அந்தக் காலத்துத் துப்பாக்கியில் போட்ட குண்டை எடுக்க எளிய வழி சுடுவதுதான். வீட்டில் ஆறு குழந்தைகள் ஓடி விளையாடுகிறார்கள். காலையில் வெளியே பார்த்துச் சுட்டுக் காலிசெய்துவிட்டு வைத்தார். அவ்வளவுதான். அவரை நல்லவராகக் காட்டுவதற்காக இதை நான் சொல்லவில்லை. துப்பாக்கி எப்படி வேலை செய்யும் என்று கேட்காமலே அதை வைத்து மனநோய் கண்டுபிடிக்கும் பழக்கத்தைத்தான் சொல்கிறேன்.

இறைச்சி கொடுக்கவில்லையா? 1834 நவம்பர் 24 அன்று, பதினாறு வயது எமிலியும் பதினான்கு வயது ஆனும் சேர்ந்து எழுதிய நாட்குறிப்புத் தாள் ஒன்று கிடைத்திருக்கிறது. கண்டபடி எழுத்துப்பிழை. மதியத்துக்கு என்ன என்று அதில் எழுதியிருக்கிறார்கள்: வேகவைத்த மாட்டிறைச்சி, டர்னிப், உருளைக்கிழங்கு, ஆப்பிள் புட்டிங். காணொளிக்காரர்கள் இதையெல்லாம் பார்ப்பதில்லை. தனியாகச் சாப்பிட்டார் என்பது உண்மை. அவருக்கு வயிற்றுக் கோளாறு. என்னுடைய மாமனார்கூடத் தனியாகத்தான் சாப்பிடுவார், பல்செட் கழற்ற வேண்டும் என்பதற்காக.

ஆண் பெயர் பற்றிய கேள்வி எனக்கு அலுப்பானது. பெண் எழுதியது என்று தெரிந்தால் விமர்சகர்கள் வேறு தராசில் போடுவார்கள் என்று அவர்களுக்குத் தெரியும். அவ்வளவே. அப்பாவுக்குப் பயந்து அல்ல. ஜேன் அயர் 1847 அக்டோபரில் வந்து பேர் வாங்கிய பிறகு சார்லட் அவர் அறைக்குப் போய், ‘அப்பா, நான் ஒரு புத்தகம் எழுதியிருக்கிறேன்’ என்றார். ‘அப்படியா அம்மா’ என்றார் கிழவர். ‘நீங்கள் படிக்க வேண்டும்.’ ‘என் கண்ணுக்கு ஆகாதே.’ ‘கையெழுத்துப் பிரதி இல்லை அப்பா, அச்சாகிவிட்டது.’ உடனே அவருக்கு வந்த கவலை: ஐயோ, எவ்வளவு செலவாகியிருக்கும்! மதியம் முழுக்கப் படித்துவிட்டு மாலை தேநீருக்கு வந்தவர் மற்ற இருவரிடமும் சொன்னார்: ‘பெண்களே, சார்லட் ஒரு புத்தகம் எழுதியிருக்கிறாள், தெரியுமா? நாம் நினைப்பதைவிட நன்றாகவே இருக்கிறது.’ அந்த இரண்டு பேரும் அதே ஆண்டு ஆளுக்கொரு நாவலை அச்சுக்குக் கொடுத்திருந்தவர்கள். அவர்கள் அப்போது முகத்தை எப்படி வைத்துக்கொண்டிருப்பார்கள் என்று நினைத்து நான் பலமுறை தனியாகச் சிரித்திருக்கிறேன்.

‘கண்ணுக்கு ஆகாது’ என்று அவர் சொன்னது சாக்கு அல்ல. அதற்கு முந்தைய ஆண்டு ஆகஸ்டில் மான்செஸ்டரில் அவருக்குக் கண்புரை அறுவை நடந்தது. ஈதர் கொடுத்து மயங்கவைத்து அறுப்பதைப் பாஸ்டனில் செய்துகாட்டியது அதே 1846 அக்டோபரில்தான். அதாவது இரண்டு மாதம் முந்திவிட்டார். அறுபத்தொன்பது வயதுக் கிழவர் முழு நினைவோடு படுத்துக் கிடக்க, கால்மணி நேரம் கண்ணுக்குள் கத்தி. அது எப்படி எரிந்தது என்பதைத் தன் வைத்தியப் புத்தகத்தின் ஓரத்தில் பொறுமையாகக் குறித்துவைத்திருக்கிறார். பிறகு வாரக்கணக்கில் இருட்டறை. வாடகை வீட்டில் அவருக்குத் துணையாக இருந்த மகள் ஒரு நாவலை எழுத ஆரம்பித்தாள். உங்கள் பாடப்புத்தகம் அந்த இருட்டறைக்குப் பக்கத்து அறையில் பிறந்தது. வகுப்பில் பத்து நிமிடம் பேச இதுவே போதும்.

சரி, இந்தக் கொடுங்கோலன் கதையெல்லாம் எங்கிருந்து வந்தது? இதுதான் எனக்கு முக்கியம். 1855 மார்ச்சில் சார்லட்டும் போன பிறகு, கண்டவர்களும் கண்டதை எழுதுவதைப் பார்த்துவிட்டு, கிழவரே சார்லட்டின் தோழி எலிசபெத் கேஸ்கலைக் கேட்டுக்கொண்டார்: என் மகளின் வாழ்க்கையை நீங்கள் எழுதுங்கள் என்று. கேஸ்கல் நல்ல நாவலாசிரியர். நல்ல நாவலாசிரியருக்கு ஒரு கெட்டவன் வேண்டும். மரியா நோயில் கிடந்தபோது தாதியாக இருந்து வேலையிலிருந்து நீக்கப்பட்ட ஒருத்தியின் கதைகள் அவருக்கு வந்து சேர்ந்தன. பட்டு உடை, காலணி, முதுகு அறுக்கப்பட்ட நாற்காலி எல்லாம் அங்கிருந்து வந்தவைதான். 1857இல் புத்தகம் வந்தது. எண்பது வயதில், பார்வை மங்கிய கண்ணோடு, தான் கேட்டு எழுதவைத்த புத்தகத்தில் தன்னை அவர் வாசித்தார்.

என்ன செய்தார் தெரியுமா? வழக்குப் போடவில்லை. சில தவறுகள் இருக்கின்றன, அடுத்த பதிப்பில் திருத்துங்கள் என்று எழுதினார். நான் அமைதியான, அடக்கமான மனிதர்களில் ஒருவனாக இருந்திருந்தால் இப்போது இருப்பதுபோல் இருந்திருக்க மாட்டேன், எனக்கு இப்படிப்பட்ட பிள்ளைகளும் பிறந்திருக்க மாட்டார்கள் என்ற பொருளில் ஒரு வரி சேர்த்தார். அந்த வரியில் கொஞ்சம் கர்வமும் இருக்கிறது, எனக்குப் பிடித்த கர்வம். இன்னொன்றும் செய்தார். வீட்டில் முன்பு வேலை செய்த கார்ஸ் சகோதரிகள் பொருளை விரயம் செய்தார்கள் என்று புத்தகம் சொன்னது. அந்த இருவரும் நேர்மையானவர்கள், பிள்ளைகளிடம் அன்பாக இருந்தவர்கள், விரயம் செய்தவர்கள் அல்ல என்று தன் கையால் நற்சான்றிதழ் எழுதிக்கொடுத்தார். தன்னைப் பற்றி எழுதியதைவிட வேலைக்காரப் பெண்களைப் பற்றி எழுதியது அவருக்கு அதிகமாகத் தைத்திருக்கிறது. மூன்றாம் பதிப்பில் கேஸ்கல் அந்தக் கதைகளை நீக்கினார். யார் மூன்றாம் பதிப்பு படிக்கிறார்கள்? காணொளிகள் இன்னும் முதல் பதிப்பிலேயே ஓடிக்கொண்டிருக்கின்றன.

அவர் மகான் என்று நான் சொல்லவில்லை. கௌவன் பிரிட்ஜ் பள்ளிக்கு நாலு பெண்களை அனுப்பினார். மூத்த இரண்டு பேர், மரியாவும் எலிசபெத்தும், 1825இல் ஒன்றரை மாத இடைவெளியில் காசநோயில் போனார்கள். தன் உதவிக்குரு நிக்கோல்ஸ் சார்லட்டைப் பெண் கேட்டபோது நெற்றிப்பொட்டு நரம்பு புடைக்கக் கத்தினார். ஒருவழியாகச் சம்மதித்த பிறகும், 1854இல் கல்யாணத்துக்கு முந்தைய இரவு, தேவாலயத்துக்கு வரமாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டார். பள்ளி ஆசிரியை ஒருவர்தான் சார்லட்டைக் கைப்பிடித்துக் கொடுக்க வேண்டியிருந்தது. அது அற்பத்தனம்தான். ஆனால் அதே மனிதர்தான் பிள்ளைகள் மனதில் இருப்பதைச் சொல்லக் கூச்சப்படுகிறார்கள் என்று, வீட்டில் கிடந்த ஒரு முகமூடியை ஒவ்வொருவராக மாட்டிக்கொண்டு தைரியமாகப் பதில் சொல்லச் சொன்னவர். நாலு வயது ஆனிடம், உன்னைப் போன்ற குழந்தைக்கு மிகவும் வேண்டியது என்ன என்று கேட்டார். ‘வயதும் அனுபவமும்’ என்றது குழந்தை. குறும்புக்கார மகன் பிரான்வெல்லை என்ன செய்யலாம் என்று எமிலியிடம் கேட்டார். ‘நியாயம் சொல்லிப் பாருங்கள், கேட்காவிட்டால் சாட்டையால் அடியுங்கள்.’ இந்த எமிலி பின்னால் எழுதிய ‘வுதரிங் ஹைட்ஸ்’ நாவலைப் படித்தவர்களுக்கு அந்தப் பதில் ஆச்சரியமாக இருக்காது.

இப்போது நான் சொல்ல வந்த விஷயம். உங்கள் காணொளியில் வராதது. ஹாவர்த்தின் தண்ணீர்.

அந்த ஊரில் சாக்கடை கிடையாது. தெரு ஓரத்தில் மலக்குழி நிரம்பி வழியும். ஊருக்கே அறுபத்தொன்பது கக்கூஸ். ஓரிடத்தில் இருபத்து நான்கு வீட்டுக்கு ஒன்று. மேட்டில் கல்லறைத் தோட்டம், பத்து வருடத்தில் 1,344 பிணங்கள் அங்கே புதைக்கப்பட்டன. அதற்குக் கீழே ஊர். பாதிரியார் வீடு அந்தக் கல்லறைகளை ஒட்டியே நின்றது. அவர் வீட்டுக் கிணற்றை 1847இல் இறைத்துத் தூர்வாரியபோது உள்ளே எட்டுத் தகர டப்பாக்கள் துருப்பிடித்துக் கிடந்தன, தண்ணீர் மஞ்சளாகியிருந்தது என்று தன் குறிப்பேட்டில் எழுதியிருக்கிறார். 1848 செப்டம்பரில் பிரான்வெல், டிசம்பரில் எமிலி, அடுத்த மே மாதம் ஸ்கார்பரோ கடற்கரையில் ஆன். எட்டு மாதத்தில் மூன்று பிள்ளைகள்.

ஆன் போன மூன்றாவது மாதம், 1849 ஆகஸ்டில், எழுபத்திரண்டு வயதில், லண்டனிலுள்ள பொதுச் சுகாதார வாரியத்துக்கு ஒரு மனு போகிறது. எங்கள் ஊரை வந்து பாருங்கள் என்று. முந்தைய ஆண்டுதான் சட்டம் வந்திருந்தது. வரி கட்டுகிறவர்களில் பத்தில் ஒருவர் கையெழுத்துப் போட்டால் ஆய்வாளர் வர வேண்டும். அவர் கையெழுத்துச் சேகரித்தார். 1850 ஏப்ரலில் பெஞ்சமின் ஹெர்ஷல் பாபேஜ் வந்தார். கணிப்பொறிக்கு முன்னோடியான இயந்திரத்தை வடிவமைத்த சார்லஸ் பாபேஜின் மகன். அவர் அறிக்கையை நான் பலமுறை படித்திருக்கிறேன். ஹாவர்த்தில் சாகிறவர்களின் சராசரி வயது 25.8. பிறக்கும் குழந்தைகளில் நூற்றுக்கு 41 பேர் ஆறு வயதைத் தாண்டுவதில்லை. அப்புறம் ஒரு சின்னத் தகவல்: கோடையில் ஊர்க்கிணற்றில் ஊறும் தண்ணீர் போதாமல், திங்கட்கிழமை துணி துவைக்க ஏழைப் பெண்கள் விடிகாலை இரண்டு மணிக்கே போய்க் காத்து நிற்பார்கள். சில நேரம் அந்தத் தண்ணீர் பச்சையாக நாறி, மாடுகூட வாய் வைக்காது.

விடிகாலை இரண்டு மணி. அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு வெளியே போய் நின்றேன்.

எங்கள் ஊர் கரிசல் பக்கம். கிணற்றில் எல்லாம் உவர்த் தண்ணீர், வாயில் வைக்க முடியாது. வறண்ட ஓடையில் ஆள் உயரத்துக்கு ஊற்றுத் தோண்டி, உள்ளே இறங்கி உட்கார்ந்து, சிரட்டையால் மொண்டு மொண்டு குடத்தில் ஊற்ற வேண்டும். ஒரு குடம் நிரம்ப அரைமணி நேரம். அம்மாவும் அக்காவும் ராத்திரி இரண்டு மணிக்கு அரிக்கேன் விளக்கோடு போவார்கள். முன்னாலேயே வந்தவர்களின் குடங்கள் வரிசையாக இருக்கும். நான் ஒருமுறை கூடப் போயிருக்கிறேன். சிரட்டை மணலில் உரசும் சத்தம் இன்னும் காதில் இருக்கிறது. கலங்கிவிடக் கூடாது என்று அக்கா மூச்சைப் பிடித்துக்கொண்டு மொள்வாள்.

என் அப்பா தொடக்கப்பள்ளி ஆசிரியர். சிரித்து நான் பார்த்ததில்லை. எங்களோடு உட்கார்ந்து சாப்பிட்டதும் இல்லை. அவர் மனு எழுதினார். சனிக்கிழமை ராத்திரி திண்ணையில் சாக்கை விரித்து, இரண்டு கார்பன் தாள் வைத்து, அழுத்தி எழுதுவார். ‘பொருள்: குடிநீர் வசதி வேண்டுதல் – தொடர்பாக.’ அதற்குக் கீழே ‘பார்வை’ என்று போட்டு, முன்பு அனுப்பிய மனுக்களின் தேதிகளை வரிசையாக எழுத வேண்டும். பார்வை ஒன்று, பார்வை இரண்டு என்று போகும். நான் எட்டாவது படிக்கும்போது அது பதினேழில் இருந்தது. மனுவைவிடப் பார்வை நீளம். ஞாயிற்றுக்கிழமை மைப்பெட்டியோடு வீடு வீடாகப் போய்க் கைநாட்டு வாங்குவார். தோட்டத்தில் சொந்தக் கிணறும் மோட்டாரும் வைத்திருந்த நாலைந்து பேர் மட்டும் போட மாட்டார்கள். ‘நம்ம கிணத்துல தண்ணி கெடக்கே வாத்தியாரே, வேணுங்கறவங்க எடுத்துக்கட்டும். கொழாய்னு வந்தா வரி போடுவான்ல?’ ஹாவர்த்திலும் அதுதான் நடந்தது. சொந்த ஊற்று வைத்திருந்த வசதியானவர்கள் வரி ஏறும் என்று எதிர்த்தார்கள். யார்க்‌ஷயர் ஆனால் என்ன, கரிசல் ஆனால் என்ன, மோட்டார் வைத்திருப்பவன் ஒரே மாதிரிதான் பேசுகிறான். உங்கள் தோழிக்கு இதைச் சொல்லுங்கள்.

கார்பன் தாளை எடுத்து நான் படம் வரைந்துவிட்டேன் என்று அடிஸ்கேலால் ஒருமுறை அடித்தார். அந்தத் தழும்பை நான் வெகுநாள் நெஞ்சில் வைத்திருந்தேன். இருபத்து நான்கு வயதில் ஒரு பத்திரிகையில் கதை எழுதினேன். ‘மனு வாத்தியார்’ என்று ஒரு பாத்திரம். வீட்டில் குண்டுமணி அரிசி இல்லை, அவர் பாட்டுக்கு ஆட்சியருக்கு எழுதிக்கொண்டே இருப்பார், பிள்ளை காய்ச்சலில் கிடக்கும், அவர் பார்வை பதினெட்டைப் போட்டுக்கொண்டிருப்பார். எல்லோரும் சிரித்தார்கள். பாராட்டி ஏழெட்டுக் கடிதம் வந்தது. வீட்டில் அரிசி எப்போதும் இருந்தது என்பதையும், எனக்குக் காய்ச்சல் வந்தபோது அவர்தான் பதினொரு கிலோமீட்டர் சைக்கிளில் வைத்து மிதித்துப் போனார் என்பதையும் நான் எழுதவில்லை. கதைக்கு அது ஒத்துவரவில்லை. கேஸ்கலுக்கு அந்தத் தாதி கிடைத்தாள். எனக்கு நானே தாதி.

போன மாதம் இறக்கிய தகரப்பெட்டியில் அந்தப் பத்திரிகை இருந்தது. அப்பா அதைப் படித்தார் என்பதே எனக்குத் தெரியாது. என் கதையில் இரண்டு இடத்தில் பென்சில் குறி. ஒன்று, ‘தண்ணீர் பஞ்சம்’ என்று நான் எழுதியிருந்ததில் ஒற்றுப்பிழை. நடுவில் ஒரு ‘ப்’ போட்டிருக்கிறார். இன்னொன்று, ‘பதினெட்டு மனு’ என்ற இடத்தில் அடித்துவிட்டு ஓரத்தில் 31 என்று எழுதியிருக்கிறார். வேறு ஒன்றும் இல்லை. திருத்துங்கள் என்று மட்டும் கேட்ட அந்தக் கிழவர் எனக்கு ஏன் இவ்வளவு நெருக்கம் என்று இப்போது தெரிகிறதா?

உங்கள் அப்பாவைப் பற்றி நான் ஒன்றும் சொல்லப் போவதில்லை. எனக்கு அவரைத் தெரியாது. ஒன்பது மணிக்குக் கதவைப் பூட்டுகிறார் என்கிறீர்கள். பாட்ரிக் பிராண்டேயும் ஒன்பது மணிக்குப் பூட்டுவார். பூட்டிவிட்டு, பிள்ளைகள் இருக்கும் அறையில் தலையை நீட்டி, ரொம்ப நேரம் விழித்திருக்காதீர்கள் என்று சொல்லிவிட்டு, மாடிப்படி நடுவில் நிற்கும் கடிகாரத்துக்குச் சாவி கொடுத்துவிட்டு மேலே போவார். அவர் போனதும் அந்த மூன்று பெண்களும் மேஜையைச் சுற்றிச் சுற்றி நடந்துகொண்டே அன்றைக்கு எழுதியதைப் பேசுவார்கள். பூட்டிய வீட்டுக்குள்தான் எல்லாம் எழுதப்பட்டது. உங்கள் அப்பா பூட்டிவிட்டு அப்புறம் என்ன செய்கிறார் என்று ஒருநாள் பாருங்கள். அவர் நிஜமாகவே அடிக்கிறவர், மிரட்டுகிறவர் என்றால் அது வேறு விஷயம். அதை என்னைப் போன்ற எழுத்தாளனுக்கு எழுதிக்கொண்டிருக்காமல் அம்மாவிடமோ ஆசிரியரிடமோ உடனே சொல்லுங்கள்.

கவிதைகளைப் படித்தேன். முதல் இரண்டு மோசம். மூன்றாவதில் அடுக்களை ஜன்னல் வரும் இடம் நன்றாக இருக்கிறது. எல்லாக் கவிதையிலும் ஒற்றுப்பிழை.

ஹாவர்த்துக்குத் தண்ணீர் வந்ததா என்று நீங்கள் கேட்கவில்லை, நானே சொல்கிறேன். அறிக்கை வந்த பிறகும் இழுத்தடித்தார்கள். கிழவர் விடாமல் லண்டனுக்கு எழுதிக்கொண்டே இருந்தார், ஏன் தாமதம், ஏன் தாமதம் என்று. நீர்த்தேக்கம் 1858இல்தான் வந்தது. அப்போது அவர் வீட்டில் இருந்தது அவரும், அவர் யாரைக் கண்டு கத்தினாரோ அந்த மருமகன் நிக்கோல்ஸும்தான். 1861 ஜூனில் கிழவர் போகும்வரை நிக்கோல்ஸ்தான் பார்த்துக்கொண்டார்.

எங்கள் ஊருக்கும் குழாய் வந்தது. அம்மாவுக்கு முட்டி தேய்ந்து நடக்க முடியாமல் போன பிறகு. தகரப்பெட்டியில் எல்லா மனுவின் கார்பன் நகலும் தேதி வாரியாக நூலால் கட்டி இருந்தன, தபால் ஒப்புகை அட்டைகளோடு. எண்ணினேன். முப்பத்து இரண்டு. அப்பாவுமா தப்பாக எண்ணிவிட்டார் என்று கடைசியைப் பிரித்துப் பார்த்தேன். அது என் கதை வந்து பல வருடம் கழித்து, குழாய் வந்த மறுவாரம் எழுதியது. பொருள்: தெருக்குழாய்க்குத் திருகு இல்லாமல் தண்ணீர் வீணாதல் – தொடர்பாக. பார்வை: எனது மனுக்கள், வரிசை எண் 1 முதல் 31 முடிய.